நாழிகைக் கம்மியர்: காலத்தைச் செய்து பழுதுபார்க்கும் கற்பனைத் தொழில் ஒன்றை உருவாக்க முழுமையான வழிகாட்டி

மிகுபுனைவு எழுதப் புகுகிறவர்கள் காலத்தைத் தொட்ட மாத்திரத்தில் கதாநாயகனை முந்நூறு ஆண்டுகள் பின்னால் அனுப்பிவிடுகிறார்கள். அதன் பிறகு கதை முழுவதும் அவன் எதை மாற்றினான், எது மாறாமல் நின்றது என்ற விளக்கத்திலேயே செலவாகிவிடுகிறது. இந்த வழிகாட்டி வேறு திசையில் செல்கிறது. காலத்தை அளந்து, அடைத்து, கைமாற்றித் தரக்கூடிய சரக்காகவும், அந்த வேலையைப் பட்டறையில் உட்கார்ந்து செய்யும் கம்மியரை ஒரு தொழிற்குழுவாகவும் படைப்பதற்கான படிகளை இங்கே ஒவ்வொன்றாகப் பார்க்கலாம். இத்தகைய தொழிலை வாசகர் நம்புவது, செய்த கருவி எத்தனை வியப்பானது என்பதைக் கண்டு அல்ல. அது எப்படியெல்லாம் பழுதாகிறது, யார் எப்போது வந்து சரிசெய்கிறார் என்பதைக் கண்டுதான். ஆகவே பராமரிப்பைப் பற்றிய பகுதி மற்றவற்றைவிட நீளமாக இருக்கும்.

மாதிரிக்காக, ஆற்றங்கரையில் பெரிய கோவிலைச் சுற்றி வளர்ந்த கற்பனை ஊர் ஒன்றை எடுத்துக்கொள்வோம். அந்த ஊரில் காலத் தொழில் செய்பவர்களுக்குக் கன்னலார் என்று பெயர்.

முதல் படி: உண்மையில் இருந்தவர்களைத் தெரிந்துகொள்ளுங்கள்

பெயரை வெறுமனே புனைந்துவிடவில்லை. முல்லைப்பாட்டில், பாசறையில் தங்கியிருக்கும் அரசனிடம் ‘பொழுதளந் தறியும் பொய்யா மாக்கள்’ வந்து, அவனை வாழ்த்தி, ‘குறுநீர்க் கன்னல் இனைத்தென் றிசைப்ப’ நிற்கிறார்கள். சிறிதளவு நீரைக் கொண்டு பொழுதை அளக்கும் கருவி அங்கே கன்னல் எனப்படுகிறது. சிலப்பதிகாரத்தின் இந்திரவிழவூரெடுத்த காதையில் புகார் நகரத்து மக்களை அடுக்கிச் சொல்லும்போது சூதர், மாகதர், வேதாளிகர் ஆகிய புகழ் பாடுவோருக்கு அடுத்து நாழிகைக் கணக்கர் வருகிறார்கள். குறுந்தொகையின் 261-ஆம் பாட்டில் தூக்கம் வராமல் தவிக்கும் தலைவி, இரவெல்லாம் பொழுதைக் கணக்கிட்டு விழித்திருக்கும் காவலரோடு தன் கண்களை ஒப்பிட்டு வருந்துகிறாள்.

இந்த மூன்று இடங்களையும் சேர்த்துப் படித்தால், கதைக்கு வேண்டிய சமூகக் குறிப்பு ஒன்று கிடைக்கிறது. பொழுதை அளப்பவர் அரசனை நேரில் கண்டு பேசும் தகுதி உடையவர். அதே சமயம் பாடகர், கூத்தர் ஆகியோரோடு சேர்த்து எண்ணப்படுபவர். தூக்கமின்மை அவர் தொழிலின் அடையாளம். ‘பொய்யா’ என்ற அடைமொழியும் சும்மா வரவில்லை. அவர் சொல்வதைச் சரிபார்க்க அரசனிடம் வேறு வழி இல்லாததால், பொய் சொல்லாமையே அவருடைய முதல் தகுதியாகிறது. உங்கள் கன்னலார் பொய் சொன்னால் என்ன நடக்கும் என்ற கேள்வியை இப்போதே குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டாம் படி: அளவையை முதலில் நிறுவுங்கள்

மந்திரத்துக்கு முன் அளவை. எத்தனை காலத்தை எடுத்தார்கள் என்று சொல்லத் தெரியாத தொழிலாளிக்குக் கூலி கேட்கவும் தெரியாது. நல்ல வேளையாக நம் கையில் ஆயத்தமான அளவை ஒன்று இருக்கிறது. ஒரு நாளுக்கு 60 நாழிகை. ஒரு நாழிகை 24 நிமிடம். ஒரு நாழிகைக்கு 60 விநாழிகை, ஆகவே ஒரு விநாழிகை 24 விநாடி. ஏழரை நாழிகை ஒரு சாமம், இரண்டரை நாழிகை ஒரு மணி. இதற்குக் கீழே போக வேண்டுமென்றால், ‘கண்ணிமை நொடியென அவ்வே மாத்திரை’ என்று தொல்காப்பியம் எழுத்தொலிக்கு வகுத்த அளவு இருக்கிறது. கன்னலார் பட்டறையில் கடைக்குட்டிப் பையன் நொடியை விரலால் நொடித்தே எண்ணலாம்.

அளவைக்கு மேல் பொழுதின் குணமும் இருக்கிறது. பத்து நாழிகை கொண்ட சிறுபொழுதுகள் ஆறையும் நம் இலக்கணம் நிலத்தோடு கட்டிவைத்திருக்கிறது: முல்லைக்கு மாலை, குறிஞ்சிக்கு யாமம், மருதத்துக்கு வைகறையும் விடியலும், நெய்தலுக்கு எற்பாடு, பாலைக்கு நண்பகல். இதை அப்படியே மந்திரச் சட்டமாக மாற்றலாம். பாலை நிலத்து நண்பகலில் எடுத்த ஒரு நாழிகையும் முல்லை நிலத்து மாலையில் எடுத்த ஒரு நாழிகையும் அளவில் ஒன்று, விலையில் வேறு. நோயாளிக்குப் பாலைப் பொழுதைக் கொடுத்தால் அவர் பிழைப்பார், ஆனால் வாய் வறண்டு எழுவார். இப்படி ஒரு வரி எழுத முடிந்தால், சந்தையில் கலப்படம், மட்டச் சரக்கு, பருவத்துக்குப் பருவம் ஏறி இறங்கும் விலை எல்லாம் தாமாகவே பின்தொடரும்.

மூன்றாம் படி: ஒரே ஒரு விதி, அதற்கு ஒரு கணக்கு

கன்னலாரின் விதியை ஒரே வாக்கியத்தில் வைக்கிறேன்: ஓர் உயிரின் மூப்பை ஒரு நாழிகை நிறுத்த வேண்டுமானால், அந்த நாழிகையை வேறொன்று மூத்துத் தீர்க்க வேண்டும். காலம் பிறப்பதும் இல்லை, அழிவதும் இல்லை, கைமாறுகிறது. எத்தனையோ மந்திர அமைப்புகளில் இருபது விதிகளும் முப்பது விதிவிலக்குகளும் இருக்கின்றன; வாசகருக்கு நினைவில் நிற்பது ஒன்றுதான்.

விதியை எழுதியதும் அதைக் கணக்கில் போட்டுப் பாருங்கள். சோழர் காலக் கல்வெட்டுகளில் கோவிலுக்கு நந்தா விளக்கு, அதாவது அணையா விளக்கு, வைப்பவர்கள் பெரும்பாலும் 96 ஆடுகளைக் கொடுப்பார்கள். அவற்றை ஏற்றுக்கொள்ளும் இடையர் நாளுக்கு ஓர் உழக்கு நெய் அளக்க வேண்டும். அந்த ஆடுகளைக் கல்வெட்டு ‘சாவா மூவாப் பேராடு’ என்று அழைக்கிறது. கிழட்டு ஆடு செத்தால் குட்டியைக் கொண்டு எண்ணிக்கையை நிரப்ப வேண்டும் என்பதே அதன் நடைமுறைப் பொருள். ஆனால் மிகுபுனைவு எழுதுகிறவருக்கு இதைவிடப் பெரிய பரிசு கிடைக்காது. நம் கற்பனை ஊரில் அந்த 96 ஆடுகளும் உண்மையாகவே சாவதில்லை, மூப்பதில்லை. அவற்றை அப்படி நிறுத்தி வைத்திருப்பதுதான் கன்னலாரின் வேலை.

அப்படியானால் அவற்றுக்காக மூப்பது யார்? மனிதர் என்றால், ஒவ்வொரு நாளும் 96 பேர் இரட்டிப்பாக மூக்க வேண்டும். ஐம்பது ஆண்டுகளில் ஊரே காலியாகிவிடும். ஆகவே மனிதரை விட்டுவிட்டுக் கல்லைப் பிடிப்போம். ஆனால் கல்லின் ஒரு நாள் ஆட்டின் ஒரு நாளுக்கு ஈடாகாது. ஆட்டின் ஒரு நாளுக்குக் கல்லின் ஓர் ஆண்டு என்று மாற்று விகிதம் வைப்போம். 96 ஆடுகளுக்கு ஓர் ஆண்டில் 35,040 கல்லாண்டுகள் வேண்டும். வெளி மதிலில் 10,000 கற்கள் இருந்தால், ஒவ்வொரு கல்லும் தன் சொந்த மூப்புக்கு மேல் ஆண்டுக்கு மூன்றரை ஆண்டு கூடுதலாக மூக்கும். இருநூறு ஆண்டுகளில் அது எழுநூறு ஆண்டு. சொந்த மூப்பையும் சேர்த்தால் தொள்ளாயிரம். அதாவது கட்டி இருநூறு ஆண்டே ஆன கோவிலின் மதில் தொள்ளாயிரம் ஆண்டு ஆனதைப் போல உதிர்ந்துகொண்டிருக்கும். கதையின் மையச் சிக்கலை இந்தப் பெருக்கல் கணக்கே எழுதிக் கொடுத்துவிட்டது. மதில் எந்த ஆண்டில் விழும் என்று கன்னலாருக்குத் தெரியும். ஊராருக்குத் தெரியாது.

நான்காம் படி: கருவியைச் செய்து காட்டுங்கள்

வாசகரைப் பட்டறைக்குள் அழைத்துச் செல்லும் இடம் இது. நாழிகை வட்டில் உண்மையில் எப்படி வேலை செய்தது என்பதைப் புரிந்துகொண்டால், அதன் மேல் மந்திரத்தை ஏற்றுவது எளிது. அடியில் நுண்ணிய துளை உள்ள செப்புக் கிண்ணத்தைப் பெரிய நீர்ப் பாத்திரத்தில் மிதக்க விடுவார்கள். துளை வழியாக நீர் ஏறி, கிண்ணம் நிறைந்து மூழ்கும்போது ஒரு நாழிகை முடியும். மூழ்கியதும் மணியையோ சேகண்டியையோ அடித்து, கிண்ணத்தை எடுத்துக் கவிழ்த்து மறுபடி மிதக்க விட வேண்டும். பழைய வானியல் நூல்களில் இதற்கு 10 பலம் செம்பு, 6 அங்குல உயரம், 12 அங்குல விட்டம் என்று அளவு சொல்லப்பட்டிருக்கிறது.

துளையிட்ட பானையிலிருந்து நீர் வடியும் கருவியைவிட இது ஏன் மேலானது என்பதையும் கதாபாத்திரம் ஒருவர் சொல்லட்டும். வடியும் பானையில் நீர்மட்டம் இறங்க இறங்க ஓட்டம் மெலியும். முதல் நாழிகையும் கடைசி நாழிகையும் ஒன்றாக இரா. மிதக்கும் வட்டிலோ நீர் ஏற ஏறத் தானும் தாழ்வதால், உள்மட்டத்துக்கும் வெளிமட்டத்துக்கும் உள்ள வேறுபாடு அவ்வளவாக மாறுவதில்லை. நீர் ஏறத்தாழ ஒரே வேகத்தில் உள்ளே வரும்.

இனி வேலை. செம்புப் பாத்திரம் செய்யும் கன்னார் செப்புத் தகட்டை வட்டமாக வெட்டி, பட்டடையில் வைத்து, ஓரத்திலிருந்து உள்நோக்கிச் சுற்றிச் சுற்றித் தட்டுகிறார். செம்பு தட்டத் தட்ட இறுகும். சுத்தியின் ஓசை மந்தமான தட்டலிலிருந்து கணீரென்று மாறினால் தகடு வெடிக்கப் போகிறது என்று பொருள். அப்போது உலையில் இட்டுச் செந்நிறம் வரும்வரை காய்ச்சி, தண்ணீரில் அமிழ்த்த வேண்டும். எஃகு இப்படிச் செய்தால் கடினமாகும், செம்போ மென்மையாகும். மறுபடியும் தட்டல், மறுபடியும் உலை. ஒட்டு வைக்கக் கூடாது, ஒரே தகட்டிலிருந்தே குழிந்து வர வேண்டும், ஏனெனில் பற்றவைத்த இடம் பின்னாளில் கசியும். துளையை இறுதியில்தான் இடுவார்கள். முதலில் தேவைக்குச் சற்றுச் சிறியதாக இட்டு, மிதக்கவிட்டு, மூழ்கும் நேரத்தைப் பார்த்து, ஊசியால் மயிரிழை மயிரிழையாக விரிப்பார்கள். விரிந்துபோனால் துளையின் விளிம்பைச் சுற்றிச் சிறு சுத்தியால் தட்டி மூட வேண்டும். தேர்ந்த கைக்கே அது வரும்.

மந்திரம் எங்கே நுழைகிறது? என் மாதிரியில் ஒரே இடத்தில்தான்: துளையிடும் ஊசியில். எந்தப் பொருள் மூக்க வேண்டுமோ அந்தப் பொருளின் துகளைத் தேய்த்த ஊசியால் துளையிட்டால், வட்டில் அதற்குக் கட்டுப்படும். மதிற்கல்லின் பொடியைத் தேய்த்த ஊசி மதிலிலிருந்து காலத்தை இழுக்கும். மற்ற எல்லாம் வெறும் கைவேலை. மந்திரம் எத்தனை சிறிய இடத்தில் இருக்கிறதோ, அத்தனைக்குச் சுற்றியுள்ள உழைப்பு பெரிதாகத் தெரியும். ஒளிவட்டம், மிதக்கும் எழுத்துகள், தானாகச் சுழலும் சக்கரங்கள் ஆகியவற்றைத் தவிர்த்துவிடுமாறு கேட்டுக்கொள்கிறேன். அவை திரைப்படத்துக்குப் போகட்டும்.

ஐந்தாம் படி: பராமரிப்பு

வட்டில் செய்து முடிந்த அன்றே கெடத் தொடங்குகிறது. எப்படிக் கெடுகிறது என்பதைத் தனித்தனியாகத் தெரிந்துகொண்டால், ஒவ்வொரு கோளாறும் ஒரு காட்சியாகும்.

முதலாவது களிம்பு. ஈரம் பட்ட செம்பில் பச்சை ஏறும். கிணற்று நீர் உவராக இருந்தால் சுண்ணாம்புப் படிவும் சேரும். இரண்டும் துளையைக் குறுக்கும், நாழிகை நீளும். புளி போட்டுத் தேய்த்தால் களிம்பு போய்விடும், ஆனால் ஒவ்வொரு தேய்ப்பிலும் துளை நுண்ணளவு விரியும். ஆக, தேய்க்காவிட்டால் வட்டில் மந்தம், தேய்த்தால் வேகம். அனுபவமுள்ள கன்னலார் எத்தனை நாளுக்கு ஒருமுறை தேய்ப்பது என்பதைப் பொறுத்தே இரண்டு பிழைகளையும் ஒன்றுக்கு எதிராக மற்றொன்றை நிறுத்திச் சமன் செய்வார். கற்றுக்குட்டி ஆர்வக் கோளாறில் தினமும் பளபளவென்று தேய்த்துவிடுவான்.

“ஐயா, வட்டில் தங்கமாட்டம் மின்னுது பாருங்க.”

“மின்னுதுல்ல தம்பி? போய் மதில பாத்துட்டு வா. நேத்து ராத்திரி எத்தனை சல்லி உதிர்ந்திருக்குன்னு எண்ணிட்டு வந்து சொல்லு.”

இவ்வளவு போதும். துளை விரிந்ததும், இழுபடும் காலம் மிகுந்ததும், கல் கூடுதலாக மூத்ததும் விளக்கவுரை இல்லாமலே புரிந்துவிடும்.

இரண்டாவது வெப்பம். நீர் 20 பாகை செல்சியசிலிருந்து 30 பாகைக்குச் சூடேறும்போது அதன் பாகுத்தன்மை ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைகிறது. துளை நுண்ணியதாக இருக்க இருக்க இதன் விளைவு கூடும். மார்கழி வைகறையில் ஊர்ந்து ஏறும் நீர் சித்திரை நண்பகலில் விரைந்து ஏறும். ஆகவே கன்னலாரின் மண்டபம் தடித்த சுவர்களோடும் வெயில் புகாத சாளரங்களோடும் இருக்கும். நீர்த்தொட்டி கல்லில் வெட்டப்பட்டிருக்கும். கோடையில் புது நீரை உடனே ஊற்றாமல் ஓர் இரவு ஆறவிட்டுப் பயன்படுத்துவார்கள். தூசும் பாசியும் துளையில் சிக்காமலிருக்க நீரைத் துணியில் வடிகட்டுவதற்கென்றே ஒரு பெண் அமர்த்தப்பட்டிருக்கலாம். அவள் கூலி மிகக் குறைவு, ஆனால் அவள் ஒரு நாள் வராவிட்டால் என்ன ஆகும் என்பது தனிச் சிறுகதை.

மூன்றாவது ஆள். வட்டில் மூழ்கியதும் எடுத்துக் கவிழ்த்து மறுபடி மிதக்கவிடக் குறைந்தது சில விநாடிகளாவது ஆகும். ஒவ்வொரு முறையும் ஐந்து விநாடி போவதாக வைத்துக்கொண்டால், நாளுக்கு 60 முறை, மொத்தம் 300 விநாடி, அதாவது ஐந்து நிமிடம். பன்னிரண்டு நாளில் ஒரு மணி, நம் கணக்கில் இரண்டரை நாழிகை. சாதாரண நாட்களில் இந்தப் பிழை சேர்வதில்லை. நண்பகலில் நிழலைப் பார்த்து அன்றன்றைக்கே கணக்கை நேர் செய்துவிடுவார்கள். கும்பகோணத்துக்கு அருகே திருவிசநல்லூர் சிவயோகிநாதர் கோவிலின் மதிலில் உள்ள சூரியக் கடிகாரத்தைப் பார்த்தவர்களுக்கு, கல்லில் விழும் நிழலை நம்பி ஒரு தொழிற்குழு இயங்குவது எப்படியிருக்கும் என்பது விளங்கும். நிழலும் முழு நேர்மையானது அன்று; ஆண்டு முழுவதும் ஒரே சீராக ஓடும் கடிகாரத்தோடு ஒப்பிட்டால் நவம்பர் தொடக்கத்தில் அது சுமார் 16 நிமிடம் முந்தியும், பிப்ரவரி நடுவில் சுமார் 14 நிமிடம் பிந்தியும் காட்டும். கன்னலாரில் தலைமுறைக்கு ஒருவர் இதைக் கண்டுபிடித்து, யாரும் நம்பாமல் திட்டு வாங்கட்டும்.

இப்போது ஐப்பசி அடைமழையைக் கொண்டுவாருங்கள். பன்னிரண்டு நாட்கள் சூரியன் முகம் காட்டவில்லை. நிழல் இல்லை, திருத்தம் இல்லை. வட்டில் நீருக்கு வெளியே இருந்த ஒவ்வொரு ஐந்து விநாடியிலும் மதிலிலிருந்து புறப்பட்ட காலம் ஆடுகளைச் சேரவில்லை. அது எங்கே போயிற்று? விதிப்படி காலம் அழிவதில்லை. ஆகவே அது மண்டபத்தின் கல்தொட்டியிலேயே தேங்குகிறது. இரண்டரை நாழிகை கேட்பாரற்றுக் கிடக்கிறது. அந்தத் தொட்டியில் கை நனைத்தவளின் விரல் மட்டும் மழை முடியும்வரை நகம் வளராமல் நிற்கிறது. விசயம் வெளியே கசிந்ததும் மண்டபத்து வாசலில் வரிசை கட்டி நிற்கப் போவது யார், யார் முதலில் நிற்பார், யாரைக் காவலர் விரட்டுவார் என்று யோசித்தால் நாவலின் நடுப்பகுதி கிடைத்துவிடும்.

ஆறாம் படி: கூலியும் கணக்கும்

பலரும் இந்தப் பகுதியைத் தவிர்த்துவிடுகிறார்கள். கோவில் பணியாளருக்கு நிலமானியம் தருவது நம் ஊர்களில் நெடுநாள் வழக்கம். கன்னலாருக்கும் அப்படியே வைக்கலாம். மானியம் குடும்பத்துக்கு என்றால் தொழில் பரம்பரையாகும், கைப்பக்குவம் வீட்டுக்குள்ளேயே பூட்டப்படும், மகனுக்குக் கை நடுங்கினாலும் அவனே வட்டிலைத் தொடுவான். மானியம் வேலைக்கு என்றால் வெளியூர்க் கம்மியர் போட்டிக்கு வருவார், மலிவான ஊசி வரும். எதைத் தேர்ந்தாலும் சண்டை உண்டு. யார் கணக்கு எழுதுகிறார் என்பதையும் முடிவு செய்யுங்கள். வட்டில் மூழ்கும்தோறும் ஓலையில் ஒரு கீறல் இழுக்கும் கணக்கரும் வட்டிலைச் செய்யும் கம்மியரும் ஒரே ஆளாக இருந்தால் ஊழலுக்குத் தடையே இல்லை. இருவரையும் பிரித்து, சம்பந்தி உறவில் வைத்துவிட்டால் கதை இன்னும் சூடாகும்.

முதல் படியில் குறித்து வைத்த கேள்வி இங்கே திரும்புகிறது. பொய் சொன்ன கன்னலாருக்கு என்ன தண்டனை? சிறையும் சவுக்கும் எந்தக் கதையிலும் உண்டு. இந்தத் தொழிலுக்கே உரிய தண்டனை ஒன்று வேண்டும்: அவர் மயிரைத் தேய்த்த ஊசியால் ஒரு வட்டிலில் துளையிட்டு, அதை ஊர் நடுவே மிதக்க விடுவார்கள்.

மேசை விளையாட்டுக்கு மாற்றுவது

கன்னலாரைப் பாத்திரப் புனைவு விளையாட்டில் ஒரு வகுப்பாக வைக்க விரும்புகிறவர்களுக்குச் சுருக்கமாக. ஆட்டக்காரருக்கு நாழிகைச் சில்லுகளைக் கொடுத்துவிட்டு ‘மந்திரப் புள்ளிகள்’ என்று அழைத்தால் பயனில்லை. ஒவ்வொரு சில்லுக்கும் பின்னால் அது எதிலிருந்து எடுக்கப்பட்டது என்று எழுத வைக்கவும். சில்லைச் செலவழிக்கும்போது அந்தப் பொருள் மூக்கும்: பாலத்தின் மரம், தோழனின் வில், தன் கைவிரல். வட்டிலுக்குக் களிம்பு எண் ஒன்று இருக்கட்டும்; ஒவ்வொரு பயன்பாட்டிலும் அது ஒன்று ஏறும், ஐந்தைத் தாண்டினால் எடுத்த காலத்தில் பாதிதான் சேரும், மீதி ஆட்ட நடத்துநரின் தொட்டிக்குப் போகும். தொட்டியில் சேர்ந்ததை எப்போது திறப்பது என்பதை நடத்துநர் ஆட்டக்காரரிடம் முன்கூட்டியே சொல்லக் கூடாது.

கடைசிப் படி: எங்கிருந்து எழுதத் தொடங்குவது

தொழிற்குழுவின் தோற்றத்தையும், முதல் வட்டிலைத் தந்த தெய்வத்தையும், நாட்டின் வரைபடத்தையும் முதல் அத்தியாயத்தில் வைக்கும் ஆசை எல்லோருக்கும் வரும். அவற்றை ஒரு குறிப்பேட்டில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். கதையைப் பழுதிலிருந்து தொடங்குங்கள். இரவு மூன்றாம் சாமம், வட்டில் மூழ்க வேண்டிய நேரத்தில் மூழ்கவில்லை, அன்றைய முறைப்பணியில் இருக்கும் பெண் தன் மூத்தவரை எழுப்பலாமா வேண்டாமா என்று நிற்கிறாள் என்று முதல் பக்கம் அமைந்தால், மேலே சொன்ன அளவை, விதி, கருவி, கூலி எல்லாம் அவளுடைய அந்த ஒரு தயக்கத்தின் வழியாகவே வாசகரிடம் போய்ச் சேரும். எழுதி முடித்த முதல் வரைவில் மந்திரத்தைச் செய்யும் காட்சிகளையும் பழுதுபார்க்கும் காட்சிகளையும் தனித்தனியே எண்ணிப் பாருங்கள். முதலாவது மிகுதியாக இருந்தால், அவற்றில் இரண்டை எடுத்துவிட்டு அந்த இடத்தில் புளியும் ஊசியும் வரும் காட்சி ஒன்றை எழுதுங்கள்.